ஏழு வருடம், ஐந்து எயார் ஃபில்டர்: வெள்ளவத்தையில் என் அக்சியோ

2018 கடைசியில் வாங்கிய டொயோட்டா அக்சியோ 141 இன்னும் என்னிடம்தான் இருக்கிறது. வாங்கும்போது மீற்றரில் 78,000 கிலோமீற்றர். இப்போது 146,000ஐத் தாண்டிவிட்டது. 2020 மார்ச்சில் நின்ற வாகன இறக்குமதியை, தனியார் கார்களுக்கு 2025 பெப்ரவரியில்தான் திரும்பத் திறந்தார்கள். அந்த ஐந்து வருடமும் கொழும்பில் கார் வைத்திருந்தவர்களுக்கு ஒரே கவலைதான்: இருக்கிற வண்டியைக் கெடாமல் காப்பாற்ற வேண்டும். அதற்கு முன்பே நான் வீட்டில் செய்யத் தொடங்கியிருந்த முதல் வேலை, எஞ்சினுக்குள் போகும் காற்றை வடிகட்டும் எயார் ஃபில்டரை மாற்றுவது. இதுவரை ஐந்து தடவை மாற்றியிருக்கிறேன். அதில் ஒரு தடவை பிழையாகவும் செய்தேன். அதைப் பற்றித்தான் கொஞ்சம் கூடுதலாகச் சொல்லப்போகிறேன்.

தொடங்கியதற்கு ஒரு காரணம் உண்டு. 2019 தொடக்கத்தில் காரை முதல் தடவை சேர்விஸுக்கு விடுவதற்கு முன், பொனட்டைத் திறந்து எது எங்கே இருக்கிறது என்று பார்த்தேன். எயார் ஃபில்டரை வெளியே எடுத்து, பார்த்த திகதியை ஞாபகத்துக்காக அதன் விளிம்பில் நீலப் பேனாவால் எழுதி வைத்தேன். சேர்விஸ் முடிந்து வந்த பில்லில் புது எயார் ஃபில்டருக்கும் காசு போட்டிருந்தார்கள். வீட்டுக்கு வந்து திறந்தால் அதே நீலத் திகதி. காற்றடித்துத் தூசியைப் பறக்கவிட்டு, பழையதையே திரும்ப வைத்திருக்கிறார்கள். போய்க் கேட்டேன். வேலை செய்த பையன் மறந்துவிட்டான் என்று சொல்லிக் காசைத் திருப்பித் தந்தார்கள். அந்த இடத்தின் பெயர் இங்கே வேண்டாம். காசு கிடைத்தாலும் மனம் ஆறவில்லை. பத்து நிமிட வேலை, ஒரு ஆயுதமும் தேவையில்லை. அதை ஏன் கண்ணால் பார்க்காமல் இன்னொருவரிடம் விட வேண்டும்?

அடுத்த சனிக்கிழமை, கொழும்பில் வாகன உதிரிப்பாகக் கடைகள் நிறைந்த பஞ்சிகாவத்தைக்குப் போனேன். அங்கே கடை கடையாக ஏறி இறங்க வேண்டியதில்லை, எது வேண்டும் என்று தெளிவாகத் தெரிந்தால் போதும். முதல் கடையிலேயே நானா கேட்டார்: "செஸி நம்பர் கொண்டு வந்தீங்களா தம்பி?" நான் கொண்டு போகவில்லை, பழைய ஃபில்டரைத்தான் பையில் போட்டுக்கொண்டு போயிருந்தேன். "அது அதைவிட நல்லம்" என்று சொல்லி, மூன்று பெட்டிகளைத் திறந்து மேசையில் அடுக்கினார். மூன்றும் ஒரே அளவு, விலை மட்டும் வேறு வேறு. மலிவானதில் காகித மடிப்புகள் ஐதாக இருந்தன. எண்ணிப் பார்த்தபோது என் பழையதைவிட ஏழு மடிப்புக் குறைவு. அதைவிட முக்கியமாக, விளிம்பு கையில் பிளாஸ்டிக் போல விறைத்திருந்தது. நல்லதில் விளிம்பை அழுத்தினால் உள்ளே போய்த் திரும்ப எழும்புகிறது. 950 ரூபாய் கொடுத்து நடுவில் இருந்ததை வாங்கினேன். கடையில் நான் செய்யும் பரிசோதனை அன்றிலிருந்து இவ்வளவுதான்: மடிப்பை எண்ணுவது, விளிம்பை அழுத்துவது, பழையதன் மேல் புதியதை வைத்து நான்கு மூலையும் பொருந்துகிறதா என்று பார்ப்பது. பெட்டியின் மேல் என்ன அச்சடித்திருக்கிறது என்பதை நான் பெரிதாக நம்புவதில்லை.

மாற்றும் முறையையும் சொல்லிவிடுகிறேன். எஞ்சின் ஆறியிருக்க வேண்டும். என் வண்டியில் கறுப்புப் பெட்டியின் முன்பக்கம் இரண்டு கிளிப். அவற்றைக் கழற்றி மூடியைக் கொஞ்சம் தூக்கினால் ஃபில்டர் கையில் வரும். மூடியோடு வயர் போகிற ஒரு சின்ன சென்சர் இருக்கிறது. அதை இழுக்காமல் தூக்க வேண்டும். வயர் தடுத்தால் பிளக்கைக் கழற்றிவிடலாம், ஆனால் முதலில் சாவியை எடுத்துவிடுங்கள். பெட்டியின் அடியில் கிடக்கும் இலை, செத்த பூச்சி, மணல் எல்லாவற்றையும் ஈரத் துணியால் ஒற்றி எடுக்க வேண்டும். அங்கே காற்றடிக்கவே கூடாது, தூசி எஞ்சின் பக்கம் பறக்கும். அப்புறம் புதியதை வைத்து மூட வேண்டியதுதான். கடலுக்குக் கிட்ட இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: மரைன் டிரைவ் உப்புக் காற்றில் என் கிளிப் இரண்டும் மூன்றாவது வருடமே துருப்பிடித்து இறுகிவிட்டன. ஒவ்வொரு தடவையும் ஒரு துளி எண்ணெய் தொட்டு வைக்கிறேன்.

பலர் ஏசி ஃபில்டரையும் இதையும் ஒன்றென்று நினைத்துக்கொள்கிறார்கள். அது டாஷ்போர்ட் பெட்டிக்குப் பின்னால் இருப்பது, நாம் மூச்சுவிடும் காற்றுக்கானது. இது எஞ்சினின் மூச்சு.

அந்த மூச்சு எவ்வளவு என்று ஒருநாள் கணக்குப் போட்டுப் பார்த்தேன். பெற்றோல் ஒழுங்காக எரிய அதன் எடையைப்போல் 14.7 மடங்கு காற்று வேண்டும். ஒரு லீற்றர் பெற்றோல் முக்கால் கிலோ என்றால், காற்று பதினொரு கிலோ. நம் ஊர் வெக்கையில் அது ஏறக்குறைய 9,500 லீற்றர். 30 லீற்றர் அடித்தால் இரண்டு இலட்சத்து எண்பத்தையாயிரம் லீற்றர் காற்று அந்த ஒரு காகிதத்துக்குள்ளால் போய்த்தான் ஆக வேண்டும். என் வேலை கிராண்ட்பாஸ் பக்கம். துறைமுகத்துக்குப் போகிற கொள்கலன் லொறிகளுக்குப் பின்னால், மேம்பால வேலை நடக்கிற புழுதிக்குள் தினமும் காலையும் மாலையும் ஊர்ந்து போகிறேன். அந்தப் புழுதி எங்கே போய்ச் சேருகிறது என்று பழைய ஃபில்டரைப் பார்த்தால் தெரியும்.

இரண்டாவதாக 2020 நவம்பரில் மாற்றினேன். சொல்ல ஒன்றுமில்லை, ஒழுங்காக முடிந்தது.

2022இல் எல்லோரையும் போல நானும் தள்ளிப்போட்டேன். டொலர் 200 ரூபாயிலிருந்து சில மாதத்துக்குள் 360க்குப் போனது. ஜூன் கடைசியில் 92 ஒக்டேன் பெற்றோல் லீற்றர் 470 ரூபாய். பிறகு பெற்றோலைப் பங்கிட்டுக் கொடுக்கும் கியூஆர் முறை வந்து காருக்கு வாரத்துக்கு 20 லீற்றர் என்றானது. கார் ஓடியதே குறைவு, ஃபில்டரை யார் நினைப்பார்? 2023 மார்ச்சில் கண்டிக்குப் போகும்போது கடுகண்ணாவை ஏற்றத்தில் வண்டி வழக்கத்தைவிடச் சோம்பலாக ஏறியது. திரும்பி வந்து திறந்தால் மடிப்புகளுக்கு இடையில் இருந்த இடைவெளியே தெரியவில்லை. சாம்பலும் கறுப்புமாக, ஈரத்தில் ஊறிக் காய்ந்த அப்பம் போல இருந்தது. பஞ்சிகாவத்தையில் அதே தரத்துக்கு 2,800 ரூபாய் கேட்டார்கள். கொடுத்தேன். மாற்றிய பின் வண்டி காலுக்குக் கீழ்ப்படிவது தெரிந்தது.

ஆனால் பெற்றோல் மிச்சமாகுமா? இதைத்தான் எல்லோரும் கேட்கிறார்கள். வாங்கிய நாளிலிருந்து ஒரு கொப்பியில், டாங்க் நிரம்ப அடித்ததிலிருந்து அடுத்த தடவை நிரம்ப அடிக்கும் வரை ஓடிய தூரத்தை எழுதி வருகிறேன். லீற்றருக்குக் கொழும்புக்குள் 9 முதல் 10 கிலோமீற்றர் வரை, யாழ்ப்பாணப் பயணத்தில் 15, 16. ஐந்து ஃபில்டருக்கும் முன்னும் பின்னும் அந்த எண்கள் அசையவில்லை. முதலில் என் கணக்கில்தான் பிழை என்று நினைத்தேன். பிறகுதான் அமெரிக்காவின் ஓக் ரிட்ஜ் தேசிய ஆய்வுகூடம் 2009இல் இதையே சோதித்துப் பார்த்திருக்கிறது என்று படித்தேன். கணினி கட்டுப்படுத்தும் பெற்றோல் எஞ்சின்களில் அடைத்துப்போன ஃபில்டரை மாற்றினால் எரிபொருள் மிச்சமாவதில்லை, வேகம் பிடிக்கும் நேரம்தான் 6 முதல் 11 வீதம் வரை நன்றாகிறது என்பது அவர்கள் கண்டது. காரணம் எளிது. உள்ளே வரும் காற்று எவ்வளவு என்று மூடியில் இருக்கும் அந்தச் சென்சர் அளக்கிறது, அதற்கேற்ற பெற்றோலைத்தான் எஞ்சின் விடுகிறது. காற்றுக் குறைந்தால் பெற்றோலும் குறையும், இழுவையும் குறையும். அப்பாவின் பழைய நிஸான் சனி கார்புரேட்டர் வண்டி, காற்றை அளக்கும் சென்சர் அதில் இல்லை. அந்தக் காலத்து வண்டிகளில் மூச்சடைத்தால் பெற்றோல் கூடக் குடித்தது உண்மைதான். அந்த அனுபவம்தான் இன்னும் வாய்வழியாக வந்துகொண்டிருக்கிறது. ஆகவே மிச்சம் பிடிக்கலாம் என்று யாராவது ஃபில்டர் விற்றால் நம்பாதீர்கள். புகைப் பரிசோதனைக்கு முந்தின நாள் அவசரமாக மாற்றுவதிலும் அவ்வளவு பயன் இருப்பதாக எனக்குத் தெரியவில்லை.

அப்படியென்றால் எதற்கு இவ்வளவு அக்கறை? அதற்குத்தான் நான்காவது தடவையின் கதை.

2024 ஜூன். மாலை மழைக்கு இருட்டிக்கொண்டு வந்தது. கீழே பார்க்கிங்கில் டோர்ச் வெளிச்சத்தில் அவசரமாக மாற்றினேன். கிளிப் இரண்டும் 'டக்' என்று விழுந்தன, முடிந்தது என்று மேலே போய்விட்டேன். மறுநாள் காலி வீதியில் வேகம் எடுக்கும்போது முன்பக்கத்திலிருந்து 'உஸ்' என்று ஒரு சத்தம், முன்பு கேட்டதில்லை. புது ஃபில்டர் என்றால் இப்படித்தான் காற்று இழுக்கும் போல என்று விட்டுவிட்டேன். அந்தச் சத்தத்தோடு இரண்டு கிழமை கிராண்ட்பாஸுக்குப் போய் வந்தேன். பிறகு சந்தேகம் வந்து திறந்தேன். மூடியின் பின்பக்கத்தில் மூன்று நாக்குகள் உண்டு. கீழ்ப்பெட்டியின் பள்ளங்களுக்குள் அவை மூன்றும் போக வேண்டும். ஒன்று பள்ளத்துக்குள் போகாமல் அதன் மேல் ஏறி நின்றிருந்தது. அந்த மூலையில் ஃபில்டரின் விளிம்பு மடிந்து, ஒரு தீக்குச்சி நுழையும் அளவுக்கு வழி.

மூடியைப் புரட்டிப் பார்த்தேன். ஃபில்டரைத் தாண்டிய பக்கம், அதாவது சுத்தமாக இருக்க வேண்டிய பக்கம். அந்த மூலையிலிருந்து சென்சர் இருக்கும் குழாயை நோக்கி, மாவு தூவிய மாதிரி ஒரு சாம்பல் கோடு. விரலால் தொட்டு, பெருவிரலோடு சேர்த்துத் தேய்த்தேன். மாவு போல வழுக்கவில்லை, நறநறத்தது. மணல். கண்ணுக்குப் பொடியாகத் தெரிவது பிஸ்டனுக்கும் சிலிண்டர் சுவருக்கும் நடுவில் போய் உப்புத்தாள் வேலையைச் செய்யும். ரிங் தேயும், ஒயில் குறையும், ஒருநாள் பின்னால் நீலப் புகை வரும். அந்தச் செலவுக்கு எத்தனை ஃபில்டர் வாங்கலாம்! அன்று எனக்கு உண்மையிலேயே வயிற்றைப் பிசைந்தது.

தெரிந்த மெக்கானிக் அண்ணாவிடம் கொண்டு போனேன். சென்சரைக் கழற்றி, அதற்கென்றே உள்ள ஸ்பிரேயை அடித்துச் சுத்தம் செய்தார், குழாயைத் துடைத்தார். "இரண்டு கிழமைதானே, பயப்படாதீங்க. ஆனா இனிமே மூடினதும் சுத்தி விரலால தடவிப் பாருங்க" என்றார். இன்றுவரை அதைத்தான் செய்கிறேன். மூடியின் விளிம்பைச் சுற்றி ஒரு விரலை ஓட்டினால் எங்கும் ஒரே அளவு இடைவெளி இருக்க வேண்டும். பின்பக்கம் கண்ணுக்குத் தெரியாது, கைதான் சொல்லும். பழைய அழுக்கு ஃபில்டர் ஒழுங்காக உட்கார்ந்திருப்பது, புது ஃபில்டர் கோணலாக இருப்பதைவிட எஞ்சினுக்கு எவ்வளவோ நல்லது. நான் பட்டுத் தெரிந்துகொண்டது இது.

இதனால்தான் அடிக்கடி திறந்து காற்றடிக்கும் பழக்கத்தையும் விட்டுவிட்டேன். காகித ஃபில்டர் கொஞ்சம் தூசி படிந்த பிறகுதான் இன்னும் நுணுக்கமாக வடிக்கும், படிந்த தூசியே ஒரு வடியாக நிற்கும். கொம்பிரசர் காற்றின் வேகத்தில் காகிதம் கிழிந்தால் வெளியே தெரியாது. வெளிச்சத்துக்குப் பிடித்துப் பார்ப்பதும் எனக்குச் சரிவரவில்லை. தடித்த காகிதத்தில் புதியதே மங்கலாகத்தான் தெரியும். வருடத்தில் இரண்டு தரம் பார்க்கிறேன். மடிப்பின் அடிவரை கறுத்திருந்தால் மாற்றுகிறேன். எனக்கு அது சுமார் 14,000, 15,000 கிலோமீற்றருக்கு ஒரு தடவை வருகிறது. உங்கள் பாதையில் புழுதி குறைவென்றால் இன்னும் கூட ஓடும். இந்த வண்டியோடு வந்த கையேடு முழுக்க ஜப்பான் மொழியில், அதில் உள்ள கணக்கும் ஜப்பான் வீதிகளுக்குத்தானே.

ஐந்தாவது மாற்றம் 2025 ஓகஸ்டில், நல்லூர்த் திருவிழாவுக்குப் போய் வந்த பிறகு. பத்து நாள் உரும்பிராயில் மாமா வீட்டில் நின்றோம். கோயிலுக்கும் சொந்தக்காரர் வீடுகளுக்குமாக ஒழுங்கைகளுக்குள்ளேயே ஓட்டம். திரும்பி வந்து ஃபில்டரை எடுத்தபோது, டோர்ச் பிடித்துக்கொண்டு நின்ற மகள் கேட்டாள்: "அப்பா, இதென்ன, செம்மண்ணா?" கொழும்பின் கறுப்புக்கு மேல், மடிப்புகளின் முனையில் மட்டும் மெல்லிய செங்கோடுகள். ஊர் எங்களோடு 400 கிலோமீற்றர் வந்து அந்தக் காகிதத்தில் நின்றிருந்தது. அதற்கு அப்பால் மூடியின் உட்பக்கம் சுத்தம்; விரலால் தேய்த்துப் பார்த்தேன், ஒன்றும் ஒட்டவில்லை.

புதியது 2,500 ரூபாய். வைத்து மூடுவதற்கு முன் அதன் விளிம்பில் திகதியையும் கிலோமீற்றரையும் மகள் எழுதினாள். மூடியைச் சுற்றி விரலை ஓட்டியதும் அவள்தான். அவளுடைய கை சின்னது, பின்பக்கத்துக்கு என் கையைவிட நன்றாகப் போகிறது.