ழெரார் ஃபிலிப்: மேடையா, திரையா?

பிரெஞ்சு நடிகர் ழெரார் ஃபிலிப்பை உலகம் அறிந்தது திரையில்தான். 1952இல் வந்த ‘ஃபான்ஃபான் லா துலிப்’ படத்தில் வாளோடு துள்ளும் அந்தக் குறும்புக்காரனை யாருக்குத்தான் பிடிக்காது! ஆனால் என் ஓட்டு மேடைக்கே. சினிமாவில் உச்சத்தில் இருந்தபோதே, 1951இல் நாடக இயக்குநர் ழான் விலாரின் தேசிய மக்கள் நாடக அரங்கில் சொற்பச் சம்பளத்துக்குச் சேர்ந்தார். அங்கே டிக்கெட் விலை குறைவு. சாதாரண ஜனங்களுக்கான அரங்கு அது. அதே ஆண்டு பிரான்சின் அவிஞ்ஞோன் நகர நாடக விழாவில், திறந்தவெளியில், முந்நூறு ஆண்டுப் பழைய ‘ல சித்’ நாடகத்தின் நாயகன் ரொட்ரிக் வேடத்தில் நடித்தார். 1959இல், வெறும் 36 வயதில், கல்லீரல் புற்றுநோயால் இறந்தபோது அந்த வேட உடையிலேயே அவரை அடக்கம் செய்தார்கள். எந்தப் படத்தின் உடையிலும் அல்ல, கவனியுங்கள்.

திரைக்கு ஒரு சாதகம் உண்டு: படங்கள் இன்றும் பார்க்கக் கிடைக்கின்றன. மேடைக்குப் பெரும்பாலும் ஒளிப்படங்களும் ஒலிப்பதிவும்தான் மிச்சம். அதனால் புதிதாகப் பார்ப்பவர்கள் ஃபான்ஃபானிலிருந்தே தொடங்கலாம்.