வாக்கர்ஸ்வுட் ஜெர்க் மசாலாவும் ஒரு சட்டி ராஸ்டா பாஸ்தாவும்

கனடாவின் ஸ்காபரோவில் முருங்கைக்காயும் கறிவேப்பிலையும் வாங்கப் போகிற பலசரக்குக் கடைகள் பலவற்றில், மிளகாய்த்தூள் பைகளுக்குச் சற்றுத் தள்ளி, கரீபியன் பண்டங்களுக்கென்று ஓர் அடுக்கு இருக்கும். பல ஆண்டுகளாக அந்த அடுக்கைத் திரும்பியும் பாராமல் கடந்து போனவன் நான். பள்ளித் தோழியின் வீட்டில் ராஸ்டா பாஸ்தா உண்டு வந்த என் மகள், அதே போல வீட்டிலும் செய்யவேண்டும் என்று ஒரு வாரம் விடாமல் கேட்ட பிறகுதான் அந்த அடுக்கிலிருந்து வாக்கர்ஸ்வுட் நிறுவனத்தின் ஜெர்க் மசாலா ஒரு போத்தலை எடுத்தேன். ஜெர்க் என்பது உறைப்பான மசாலாவை இறைச்சியில் பூசி நெருப்பில் வாட்டும் ஜமைக்கா முறை. 280 கிராம் கண்ணாடிப் போத்தல். உறைப்பு மிகுந்தது, உறைப்பு குறைந்தது என இரண்டு வகை உண்டு. நான் எடுத்தது உறைப்பு மிகுந்தது. இப்போது மூன்றாவது போத்தல் நடப்பதால், இதைப் பற்றி எழுதும் தகுதி ஓரளவு வந்துவிட்டதாக எண்ணுகிறேன்.

ராஸ்டா பாஸ்தாவை அறியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். பென்னே போன்ற குழல் வடிவப் பாஸ்தாவை, ஜெர்க் மசாலா கலந்த கிறீமில் சிவப்பு, மஞ்சள், பச்சைக் குடைமிளகாய்களோடு பிரட்டி எடுப்பது. பெரும்பாலும் ஜெர்க் கோழியும் சேரும். ராஸ்டஃபாரி மக்கள் தம் அடையாளமாகக் கொண்ட எத்தியோப்பியக் கொடியின் நிறங்களைக் குடைமிளகாய்கள் நினைவூட்டுவதால் இந்தப் பெயர் பொருந்திவிட்டது. ஆனால் 1930களில் ஜமைக்காவில் தோன்றிய அந்தச் சமயத்தின் நெறியைக் கண்டிப்பாகப் பின்பற்றுவோர் உண்பது 'ஐட்டல்' எனப்படும் உணவு. அதில் இறைச்சி இல்லை, பலர் உப்பையும் தவிர்ப்பார்கள், தொழிற்சாலையில் பதப்படுத்திய பண்டங்களை நாடமாட்டார்கள். கோழி, கிறீம், சீஸ், போத்தல் மசாலா என்று எல்லாம் கூடிய ஓர் உணவுக்கு அவர்களுடைய பெயர் வாய்த்திருப்பது வேடிக்கைதான்.

இனிப் போத்தலுக்கு வருகிறேன். மூடியைத் திறந்தால் கரும்பச்சையும் பழுப்பும் கலந்த, திப்பிதிப்பியான விழுது. இடையிடையே மிளகாய் விதைகள் வெளிறித் தெரியும். வழவழப்பாக அரைத்த பண்டமன்று; அம்மியில் முக்கால் பதத்தில் வழித்தெடுத்தது போன்ற தோற்றம். பொருட்பட்டியலில் முதலில் நிற்பது வெங்காயத்தாள்; அதன்பின் ஸ்கொட்ச் பொனெட் மிளகாய், உப்பு, மிளகு, ஆல்ஸ்பைஸ் (மிளகு போன்ற ஒரு வாசனைக் காய்), சாதிக்காய், சிற்றிக் அமிலம், சீனி, தைம் இலை. சமையலறையில் நாம் அறியாத பொருளென்று இவற்றில் அதிகமில்லை. ஆனால் அந்தப் பட்டியலில் மூன்று விடயங்களைக் கவனித்தால் பாஸ்தா பாதி தேறிவிடும்: உப்பு மூன்றாம் இடத்தில் இருக்கிறது, அமிலம் இருக்கிறது, உள்ளியும் இஞ்சியும் இல்லை.

இந்த மூன்றையும் கவனியாமல் முதல் நாள் நான் செய்ததைச் சொல்லத்தான் வேண்டும். வீட்டில் தேநீருக்காக வைத்திருந்த 10 சதவீதக் கிறீமை அடுப்பில் கொதிக்கவைத்து, விழுதில் நான்கு மேசைக்கரண்டியை அப்படியே அதில் போட்டுக் கலக்கினேன். இரண்டு நிமிடத்தில் கிறீம் திரைந்து, மோர் திரிந்தது போலத் தண்ணீர் வேறு, கட்டி வேறாகப் பிரிந்தது. கொழுப்புக் குறைந்த கிறீமில் நீரும் புரதமும் மிகுதி. அமிலமும் கொதியும் ஒன்றாய்ச் சேர்ந்தால் அந்தப் புரதம் திரண்டுவிடும். 35 சதவீதக் கொழுப்புள்ள கிறீம் இந்த அமிலத்தைத் தாங்கிக்கொள்ளும். பாஸ்தா அவித்த தண்ணீரில் வழமைபோல் கை நிறைய உப்பும் போட்டிருந்தபடியால், திரைந்தது போக எஞ்சியதையும் வாயில் வைக்க முடியவில்லை. குற்றம் முழுவதும் என்னுடையதே. இது இறைச்சியில் பூசி ஊறவைத்து நெருப்பில் வாட்டுவதற்கென்று செய்த விழுது. கலந்தவுடன் உண்ணும் சோஸ் அன்று. இறைச்சிக்குள் இறங்கவேண்டிய உப்பும் உறைப்பும் அதில் செறிந்திருப்பது அதன் இயல்பு.

அந்த இயல்புக்கு ஒரு வரலாறு உண்டு. ஜமைக்காவில் அடிமைத்தளையிலிருந்து தப்பி மலைக்காடுகளில் வாழ்ந்த மரூன் மக்கள், காட்டுப்பன்றி இறைச்சியில் மிளகாயும் ஆல்ஸ்பைஸும் தேய்த்து, ஆல்ஸ்பைஸ் மரத்தின் விறகிலேயே மெல்லிய சூட்டில் புகையூட்டிப் பதப்படுத்தினார்கள்; ஜெர்க் அங்கிருந்து வந்தது. தீவின் கிழக்கே போர்ட்லண்ட் மாவட்டத்திலுள்ள பொஸ்டன் பே இன்றும் அதற்குப் பெயர்போன இடம். போத்தலின் பெயரிலுள்ள வாக்கர்ஸ்வுட், செயின்ட் ஆன் மாவட்டத்து மலைக் கிராமம். கிராமத்தவர்க்கு வேலை வேண்டும் என்ற நோக்கோடு 1978இல் அங்கே தொடங்கிய முயற்சியே பின்னர் நாடு கடந்து விற்கும் நிறுவனமாக வளர்ந்தது. மற்றப் போத்தல்களை விட இதை நான் விரும்புவதற்கு அந்தக் கதை காரணமன்று. இதில் தைமும் வெங்காயத்தாளும் இலையாக மணக்கின்றன என்பதுதான் காரணம். இடையில் ஒருமுறை வேறொரு நிறுவனத்தின் உலர்ந்த ஜெர்க் தூளை வாங்கிப் பார்த்தேன், பெயர் வேண்டாம், சீனியும் உள்ளித்தூளும்தான் முன்னுக்கு நின்றன, கிறீமில் இட்டபோது மணல் போல நாவில் நெருடியது. 'ராஸ்டா பாஸ்தா சோஸ்' என்றே எழுதி விற்கும் ஆயத்தக் குழம்பு ஒன்றையும் சுவைத்தேன். அதில் ஜெர்க்கைத் தேட வேண்டியிருந்தது.

இப்போது எங்கள் வீட்டில் நிலைத்துவிட்ட முறை இது. அரைக் கிலோ எலும்பில்லாத கோழித் தொடை இறைச்சிக்கு விழுதில் ஒரு மேசைக்கரண்டி போதும். சிறிது எண்ணெயும் தேசிக்காய்ப் புளியும் சேர்த்து இரவு முழுவதும் குளிர்சாதனப் பெட்டியில் ஊறவிடுகிறேன். மறுநாள் கனமான இரும்புச் சட்டியில், ஓரங்கள் சற்றுக் கருகும் வரை துண்டுகளைப் புரட்டாமல் விட்டு வாட்டி எடுக்கிறேன். விறகுப் புகைக்கு வழியில்லாத அடுக்குமாடி வீட்டில் அந்தக் கருகல் ஒன்றுதான் ஜெர்க்கின் நினைவைத் தருகிறது. புகை எச்சரிக்கைக் கருவி அலறாமலிருக்கச் சாளரத்தைத் திறந்துவைப்பது நல்லது. ஸ்கொட்ச் பொனெட் ஆவி தொண்டையைப் பிடிக்கும். அதே சட்டியில், கோழி விட்ட எண்ணெயிலேயே குடைமிளகாய்களை நீளவாக்கில் வெட்டிப் போட்டு, நிறம் மங்குமுன் எடுத்து வைத்துவிடவேண்டும். குழைந்த குடைமிளகாயோடு பெயருக்குரிய நிறங்களும் போய்விடும்.

அடுத்து வருவதுதான் இந்தச் சமையலின் உயிர்நிலை. சட்டியில் மேலும் ஒரு கரண்டி எண்ணெய் விட்டு, நசுக்கிய உள்ளியும் துருவிய இஞ்சியும் வதங்கியதும், விழுதில் இரண்டு தேக்கரண்டி மட்டும் இட்டு மெல்லிய சூட்டில் இரண்டு மூன்று நிமிடம் வதக்கவேண்டும். நாம் குழம்புக்கு மசாலாவைத் தாளித்துப் பச்சை வாடை போக்குவது போலத்தான். முதலில் வெங்காயத்தாளின் பச்சை நெடி கிளம்பும். பின்பு அது அடங்கி, விழுதின் ஓரங்களில் எண்ணெய் மினுங்கத் தொடங்கும்போது ஆல்ஸ்பைஸ் மணம் மேலே வரும். மிளகாயின் உறைப்பும் இந்த மணப்பொருள்களும் கொழுப்பில் கரைவன என்பதால், கிறீமைச் சேர்க்குமுன் எண்ணெயில் அவற்றை இறக்கிவிட்டால் சோஸ் முழுவதும் ஒரே சீராகப் பரவும். நேரே கிறீமில் போட்டால் ஒரு வாய் சப்பென்றும் மறுவாய் நெருப்பாகவும் இருக்கும்.

இந்தக் கட்டத்தில்தான் ஒருநாள் அம்மா சமையலறைக்குள் வந்தார். சட்டியை முகர்ந்து பார்த்து, "கராம்பு கூடிப்போச்சு, தம்பி" என்றார். போத்தலில் கராம்பே இல்லை என்று பட்டியலைக் காட்டினேன், நம்பவில்லை. உண்மையில் அவருடைய மூக்குத்தான் சரி: கராம்பின் மணத்துக்குக் காரணமான யூஜினோல் என்ற எண்ணெய்ப் பொருளே ஆல்ஸ்பைஸிலும் முதன்மையானது. கராம்பும் கறுவாவும் சாதிக்காயும் ஒன்றாகக் கலந்தது போல மணப்பதால்தான் ஆங்கிலேயர் அதற்கு அந்தப் பெயரை இட்டார்கள். ஜமைக்கரோ அதைப் பிமெண்டோ என்பார்கள். யாழ்ப்பாணத்துக் கறித்தூளோடு வளர்ந்த நாக்குக்கு இந்த விழுது விரைவில் பழகிவிடுவதற்கு இதுவே காரணம் என்று நினைக்கிறேன். மிளகாயும் முற்றிலும் அந்நியமன்று. இலங்கையில் சிங்களவர் நை மிரிஸ் என்று சொல்லும் மிளகாய் ஸ்கொட்ச் பொனெட்டின் இனத்தைச் சேர்ந்ததே. உறைப்புக்கு அடியில் பழவாசம் போன்ற ஒன்று இரண்டிலும் இருக்கும்.

பிறகு 200 மில்லிலீற்றர் 35 சதவீதக் கிறீமும் அதே அளவு தேங்காய்ப்பாலும் சேர்க்கிறேன். வெறுங் கிறீமில் செய்தபோது உறைப்பு அமுங்கியதோடு தைமின் மணமும் மந்தித்துப்போயிற்று. வெறுந் தேங்காய்ப்பாலில் செய்தபோது சோஸ் பாஸ்தாவில் ஒட்டாமல் வழிந்தோடியது. இரண்டும் பாதி பாதியானபோது சரியாக அமைந்தது. தேங்காய்ப்பால் இங்கே வலிந்து புகுத்திய பொருளன்று. ஜமைக்காவில் சோறும் அவரையும் தேங்காய்ப்பாலில்தான் வேகும்; 'ரன் டவுன்' என்ற மீன் உணவுக்குத் தேங்காய்ப்பாலை எண்ணெய் பிரியும்வரை வற்றவிடுவார்கள். பாஸ்தாவுக்கு அது ஆகாது. நாம் முதற்பாலைக் கடைசியில் விட்டு ஒரு கொதி தழும்பியவுடன் இறக்குவது போல, மெல்லச் சூடேறினால் போதும். பாஸ்தா அவித்த நீரில் ஓர் அகப்பை எடுத்து வைத்திருந்து, 350 கிராம் பென்னேயைச் சோஸில் பிரட்டும்போது சிறிது சிறிதாகச் சேர்த்தால், அந்த நீரிலுள்ள மா கொழுப்பையும் தண்ணீரையும் இணைத்துப் பிடித்துக்கொள்ளும். அந்த நீரில் வழமையான உப்பில் கால்வாசி போட்டால் போதும். சீஸை அடுப்பை அணைத்த பிறகே தூவவேண்டும். அதுவும் உப்புள்ள பண்டம் என்பதை மறக்கலாகாது.

நான்கு பேருக்கு இப்படிச் சமைத்தால் மொத்தம் இரண்டு மேசைக்கரண்டிக்கும் குறைவாகவே விழுது செலவாகிறது. ஆகவே சாதாரண பாஸ்தா சோஸ் போத்தலோடு விலையை ஒப்பிட்டு மலைக்கத் தேவையில்லை. ஒரு போத்தல் எட்டுத் தடவைக்கு மேல் வரும். திறந்த பின் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து, ஈரமில்லாத கரண்டியால் எடுத்தால் நெடுநாள் கெடாமல் நிற்கிறது. இரண்டாவது போத்தலை இணையத்தில் விற்கும் ஒருவரிடம் வாங்கியபோது மூடி தளர்ந்து, பொதிப்பெட்டி முழுவதும் கசிந்து வந்து சேர்ந்தது. அதிலிருந்து கடையில் கையால் மூடியை அழுத்திப் பார்த்தே வாங்குகிறேன்.

சிறு பிள்ளைகள் உள்ள வீட்டார் உறைப்புக் குறைந்த வகையை எடுப்பதே நல்லது. என் மகள் உறைப்பு மிகுந்ததையே கேட்கிறாள்; ஆனால் இரண்டாம் வாய்க்குப் பிறகு தண்ணீர்க் குவளையைத் தேடாமல் அவள் உண்டு நான் இன்னும் பார்க்கவில்லை. தண்ணீரால் அந்த உறைப்பு அடங்காது என்று சொல்லித் தட்டின் ஓரத்தில் ஒரு கரண்டி தயிர் வைத்துவிடுகிறேன். நடப்பிலுள்ள போத்தலில் கால்வாசி எஞ்சியிருக்கிறது. அதைக் கணவாய்ப் பிரட்டலுக்கென்று அம்மா தனியே எடுத்து வைத்துவிட்டதால், வரும் ஞாயிற்றுக்கிழமைப் பாஸ்தாவுக்கு நான் மறுபடியும் கடைக்குப் போகவேண்டும்.