'நாதா'வா, 'லாசரில்யோ'வா: சட்டப்படி படிக்க எது எளிது?

ஸ்பானிஷில் ஒரு பிள்ளை அடிபட்டு, பசித்து, வளர்ந்து ஆளாகும் கதை வேண்டும் என்று கேட்பவர்களுக்கு நான் இரண்டு பெயர்கள் சொல்வேன். ஒன்று, கார்மென் லஃபோரெட் எழுதிய 'நாதா'. 'ஒன்றுமில்லை' என்று பொருள். ஸ்பானிஷ் நாவல்களுக்கான நடால் விருது முதன்முதலாகத் தரப்பட்டது இந்த நாவலுக்குத்தான், 1945 ஜனவரியில். அப்போது அவருக்கு வயது 23. இன்னொன்று 1554இல் அச்சான 'லாசரில்யோ தெ தோர்மெஸ்'. எழுதியவர் யாரென்று இன்றுவரை உறுதியாகவில்லை.

இரண்டையும் திருட்டு பிடிஎஃப் இல்லாமல் படிக்கலாம். வழிதான் வேறு வேறு.

முதலில் 'லாசரில்யோ'. இதற்குப் பதிப்புரிமையே கிடையாது. உரிமைக்காலம் முடிந்த நூல்களை இலவசமாகத் தரும் ப்ராஜெக்ட் குட்டன்பெர்க் இணையதளத்தில் ஸ்பானிஷ் மூலம் இருக்கிறது. அலிகாந்தே பல்கலைக்கழகம் தொடங்கிய மிகேல் தெ செர்வாந்தெஸ் மெய்நிகர் நூலகத்திலும் இருக்கிறது. ஆங்கிலத்தில் கிளெமென்ட்ஸ் மார்க்கம் 1908இல் செய்த மொழிபெயர்ப்புக்கும் உரிமைக்காலம் முடிந்துவிட்டது. காசு ஒரு பைசா வேண்டாம்.

ஆனால் இலவசம் என்றதும் எளிது என்று நினைத்துவிடக் கூடாது. 16ஆம் நூற்றாண்டு ஸ்பானிஷ், குறிப்புகள் இல்லாமல் பத்துப் பக்கம் தாண்டுவதே கஷ்டம். பிரான்சிஸ்கோ ரிக்கோ பதிப்பித்த காத்தெத்ரா பதிப்பக வெளியீட்டைப் பக்கத்தில் வைத்துக்கொண்டால் பாதை தெரியும். அந்த முன்னுரைக்கும் அடிக்குறிப்புகளுக்கும் உரிமை உண்டு, அதை வாங்கத்தான் வேண்டும். மூலம் பொதுச்சொத்து, உரை தனிச்சொத்து. பலர் குழம்பும் இடம் இது.

அவ்வளவு பாடுபட்டுப் படிக்க வேண்டுமா என்றால், சலமாங்கா பாலத்துக்கு வாருங்கள். அங்கே ஒரு கல் காளை நிற்கிறது. குருட்டு எசமான், கதையின் நாயகனான சிறுவன் லாசரோவிடம், காளையோடு காதை ஒட்டி வை, உள்ளே பெரிய சத்தம் கேட்கும் என்கிறார். பையன் நம்பிக் காதை வைக்கிறான். கல்லோடு சேர்த்து தலையில் ஓங்கி ஒரு இடி. அதுவரை குழந்தைத்தனத்தில் தூங்கிக் கிடந்தவன் அந்த நொடியில் விழித்துக்கொண்டதாகச் சொல்கிறான். ஒரு பிள்ளை உலகத்தை அறியும் கணத்தை இவ்வளவு சுருக்கமாக நான் வேறெங்கும் படித்ததில்லை.

1559இல் இந்தப் புத்தகத்தைத் தடை செய்தார்கள். 1992இல் பார்கரோத்தா என்ற ஊரில் ஒரு பழைய வீட்டைப் பழுதுபார்த்தபோது, சுவருக்குள் வைத்துப் பூசப்பட்ட சில புத்தகங்கள் கிடைத்தன. அவற்றில் 1554இல் மெதினா தெல் காம்போவில் அச்சான 'லாசரில்யோ' ஒன்று. இதைக் காப்பாற்ற யாரோ பயந்து பயந்து சுவரில் ஒளித்திருக்கிறார்கள். இன்று அதே கதையைக் கைபேசியில் பகிரங்கமாகத் திறக்கும்போது எனக்கு அந்தச் சுவர்தான் நினைவுக்கு வரும்.

சரி, 'நாதா'. லஃபோரெட் காலமானது 2004இல். ஸ்பெயினில் ஆசிரியர் மறைந்து 70 ஆண்டு, அதாவது 2074 முடியும்வரை உரிமை உண்டு. இந்தியச் சட்டத்தில் 60 ஆண்டு, 2064 முடியும்வரை. ஆக 'இலவச நாதா' என்று எங்கே கண்டாலும் அது திருட்டுதான். ஒருமுறை நண்பர் ஒருவர் அப்படி ஒன்றை அனுப்பிவைத்தார். ஸ்கேன் செய்ததில் 'ஞ' ஒலி தரும், மேலே நெளிகோடு போட்ட 'ñ' எழுத்தெல்லாம் வெறும் 'n' ஆகியிருந்தது. ஸ்பானிஷில் அப்படி மாறினால் 'ஆண்டு' என்ற சொல் 'ஆசனவாய்' ஆகிவிடும். ஓர் இளம்பெண் தன் வாழ்க்கையில் கழிந்த ஓர் ஆண்டைச் சொல்லும் நாவலில் அது எத்தனை பெரிய அவமரியாதை! அன்றே அழித்துவிட்டேன்.

வாங்குவதானால், ஸ்பானிஷில் தெஸ்தீனோ பதிப்பகம் வெளியிட்ட நாவல் இது. ஆங்கிலத்தில் இடித் கிராஸ்மன் மொழிபெயர்ப்பு, 2007இல் வந்தது. செர்வாந்தெஸின் 'தோன் கிஹோத்தே' நாவலையும் ஆங்கிலத்தில் தந்தவர் அவர்தான். இரவல் வேண்டுமானால் டெல்லியில் ஸ்பானிஷ் மொழி, பண்பாட்டு மையமான இன்ஸ்டிட்யூட்டோ செர்வாந்தெஸின் நூலகம் இருக்கிறது. உங்கள் ஊர் நூலகத்திலோ கல்லூரி நூலகத்திலோ கேட்டுப் பார்ப்பதிலும் தவறில்லை.

மொழியைப் பொறுத்தவரை இதுதான் இலகு. இடைநிலை ஸ்பானிஷ் தெரிந்தவர்கள் அகராதியோடு நகரலாம். பதினெட்டு வயது அந்த்ரேயா படிக்க வந்து, பார்சிலோனாவில் அரிபாவ் தெருவில் பாட்டி வீட்டில் தங்குகிறாள். உள்நாட்டுப் போர் முடிந்த காலம். மாமன்மார் சண்டை, தாயின் சகோதரியின் கண்காணிப்பு, தாங்க முடியாத பசி. காய்கறி வேகவைத்த தண்ணீரை அவள் குடிக்கும் இடத்தை நான் மறக்கவே மாட்டேன். லாசரோவின் பசிக்கும் இந்தப் பசிக்கும் நடுவே நாலு நூற்றாண்டு.

பணம் செலவழிக்க முடியாத மாணவர் என்றால் 'லாசரில்யோ'வைத் திறங்கள், மார்க்கம் மொழிபெயர்ப்பைத் துணைக்கு வைத்துக்கொண்டு. முடிந்தவர்கள் 'நாதா'வை வாங்குங்கள். எனக்கு மனதுக்கு நெருக்கம் அதுதான். தயக்கமிருந்தால் மின்நூல் கடைகள் தரும் இலவச மாதிரிப் பக்கங்களை முதலில் இறக்கிப் பாருங்கள். தொடக்கக் காட்சி பெரும்பாலும் அதிலேயே வந்துவிடும்: நள்ளிரவில் ரயில் வந்து நிற்கிறது, சொன்ன வண்டியில் வராததால் அழைத்துப்போக யாரும் வரவில்லை, அந்த்ரேயா கனமான பெட்டியைத் தானே தூக்கிக்கொண்டு நடக்கிறாள். பெட்டி நிறையப் புத்தகங்கள்.