மலைமேல் கடல் தொட்டி: குழல் மீனா, கோமாளி மீனா?

குன்னூரிலும் கோத்தகிரியிலும் கடல் மீன் தொட்டி வைப்பவர்களுக்கு ஒரு வசதி உண்டு. சமவெளியில் தண்ணீரைக் குளிர்விக்க விலையுயர்ந்த சில்லர் வாங்க வேண்டும். இங்கே ஹீட்டர் போதும். பவளப்பாறை மீன்களுக்கு 25, 26 டிகிரி வெப்பம் வேண்டும். மார்கழி இரவில் மின்சாரம் போனால் தொட்டி சில்லிட்டுவிடும் என்பதால் இன்வெர்ட்டர் கட்டாயம்.

பள்ளி ஆய்வகத் தொட்டியில் குழல் மீனை விடுவதா, கோமாளி மீனை விடுவதா என்பதுதான் கேள்வி. குழல் மீன் வேண்டும் என்ற ஆசை எனக்குப் புரிகிறது. கடல் குதிரையின் நெருங்கிய உறவு அது. பாக் விரிகுடாவின் கடற்புல் வெளிகளில் வாழும் ‘சிங்னதாய்டஸ் பயாகுலேட்டஸ்’ என்ற இனம் பலரும் அறியாதது. புல்லின் அதே பச்சை. வால் துடுப்பே கிடையாது, வால் நுனியைச் சுருட்டிப் புல்லைப் பற்றிக்கொள்ளும். கண்கள் இரண்டும் தனித்தனியே சுழலும். கடல் குதிரைக்கு இருக்கும் பை இதன் ஆணுக்கு இல்லை. பெண் இடும் முட்டைகள் தந்தையின் வயிற்றில் வெளியே தெரியும்படி ஒட்டியிருக்கும்.

ஆனால் இதைத் தொட்டியில் வைக்கக் கூடாது. 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் 2001-இல் கடல் குதிரையும் குழல் மீனும் அடங்கிய இந்தக் குடும்பம் முழுவதும் சேர்க்கப்பட்டது. பிடிப்பதும் விற்பதும் குற்றம். சட்டத்தை ஒதுக்கிவைத்தாலும் பசி இருக்கிறது. இரைப்பை இல்லாத மீன் இது. மிகச் சிறிய உயிருள்ள இரையை நாள் முழுக்கக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். மலையில் அதற்கு எங்கே போவது?

பவளப்பாறைகளில் வாழும் சின்ன மீனான கோமாளி மீனோ குச்சி உணவைத் தின்னும். மண்டபத்தில் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையம் இதைக் குஞ்சு பொரிக்கவைத்து வளர்த்துக் காட்டியிருக்கிறது. ஆகவே கடலில் பிடித்ததை மறுத்து, வளர்ப்பு மீனையே கேட்டு வாங்குங்கள்.

தந்தைப் பாசமும் இதனிடம் உண்டு. பாறையில் ஒட்டிய ஆரஞ்சு நிற முட்டைகளுக்கு ஆண் மீன் துடுப்பால் விசிறிக்கொண்டே இருக்கும். கெட்டுப்போனதை வாயால் பொறுக்கி எடுக்கும். நாளாக ஆக ஒவ்வொரு முட்டைக்குள்ளும் இரண்டு வெள்ளிக் கண்கள் தெரியும். ஏறத்தாழ ஒரு வாரத்தில் பொரிந்துவிடும். முட்டைக் காலத்தில் கையை விட்டால் கடிக்கும், அவ்வளவுதான். என் ஓட்டு தயக்கமின்றிக் கோமாளிக்கே.

குழல் மீனைப் பார்த்தே தீர வேண்டுமானால், பிள்ளைகளை மண்டபத்துக்கோ தொண்டிக்கோ அழைத்துப்போங்கள். வலையில் கடற்புல்லோடு சிக்கி வருவதுண்டு. உயிர் இருந்தால் உடனே கடலில் விட்டுவிடும்படி வலைக்காரரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.