ஒரே அரச குடும்பம், இரண்டு படங்கள்: எதை முதலில் பார்ப்பது?

எங்கள் திரைப்படக் குழுவில் ஒரு மாலைக்கு ஒரு படம்தான். பிரேசில் அரச குடும்பத்தைப் பற்றிக் கைவசம் இருந்தவை இரண்டு. ஒன்று 1972-இல் வந்த 'சுதந்திரம் அல்லது மரணம்', மற்றது ஸ்பெயினில் பிறந்த அரசி ஒருவரைப் பற்றி 1995-இல் வந்த 'கார்லோத்தா ஜுவாகினா'. நான் இரண்டாவதைத்தான் எடுத்தேன்.

முதல் படம் இராணுவ ஆட்சிக் காலத்தில், போர்ச்சுகலிடமிருந்து பிரேசில் பெற்ற விடுதலையின் 150-ஆம் ஆண்டையொட்டி வந்தது. இளவரசர் பெத்ரோவாகத் தார்சீசியோ மெய்ரா. இபிரங்கா ஓடைக்கரையில் விடுதலையை அறிவித்து அவர் வாளை உயர்த்தும் இடம் பெத்ரோ அமெரிக்கோவின் புகழ்பெற்ற ஓவியம் உயிர்பெற்றது போலவே இருக்கும். உடை, குதிரை, கம்பீரம் எதிலும் குறை இல்லை.

கார்லோத்தா படத்துக்கு அந்த வசதி எதுவும் கிடையாது. படத்தயாரிப்புக்குக் கைகொடுத்துவந்த எம்பிராஃபில்மே என்ற அரசு நிறுவனத்தை 1990-இல் அதிபர் கொல்லோரின் அரசு மூடியது. பிரேசில் சினிமா ஏறக்குறைய படுத்தேவிட்டது. அந்த நேரத்தில் நடிகை கார்லா கமுராட்டி தன் முதல் முழுநீளப் படத்தைக் குறைந்த பணத்தில் எடுத்து, விநியோகத்தையும் தானே பார்த்துக்கொண்டார். 12 லட்சம் பேருக்கு மேல் பார்த்தார்கள். 'ரெத்தோமாதா' எனப்படும் மறுமலர்ச்சியை இந்தப் படத்திலிருந்துதான் பலரும் கணக்கிடுகிறார்கள்.

என்னை முடிவெடுக்க வைத்தது கதை சொல்லும் விதம். ஸ்காட்லாந்துக்காரர் ஒருவர் ஒரு சிறுமிக்குக் கதை சொல்கிறார். நாம் பார்ப்பது அவள் மனதில் ஓடும் படம். சிறு வயதுக் கார்லோத்தாவாக வருவதும் அதே சிறுமிதான். அதனால் அரங்கம் எளிமையாக இருந்தாலும், ஒப்பனை அப்பிக் கிடந்தாலும் உறுத்தவில்லை. கார்லோத்தாவின் கணவரான போர்ச்சுகல் இளவரசர் ஜுவாவாக வரும் மார்கோ நனினி கோட்டுப் பையில் கைவிட்டுக் கோழிக்காலை எடுத்துக் கடிக்கிறார். 1807-இல் நெப்போலியன் படைக்கு அஞ்சி லிஸ்பனைவிட்டுப் பிரேசிலுக்குக் கப்பலேறிய போர்ச்சுகல் அரசவையை, கிரீடத்தைவிட அந்தக் கோழிக்கால் எனக்குக் கிட்டத்தில் காட்டியது.

ஆனால் ஜுவாவுக்கு இது நியாயம் செய்யவில்லை. துறைமுகங்களைத் திறந்தது, பிரேசில் வங்கியைத் தொடங்கியது எல்லாம் 1808-இல் அவர் செய்தவை. படத்தை மட்டும் பார்த்தால் சாப்பாட்டு ராமனாகத்தான் மனதில் நிற்பார். அப்புறம், நான் வசன வரிகளை நம்பிப் பார்த்தவன். கார்லோத்தாவாக நடித்த மரியேத்தா செவேரோவின் ஸ்பானிய வசைகளில் எனக்கு எட்டியது பாதிதான்.

அடுத்த மாதம் 1972 படத்தையும் போட்டோம். பெத்ரோ வாளை உயர்த்தியதும் பின்வரிசையிலிருந்து ஒருவர் கேட்டார்: "அந்தக் கோழிக்கால்காரரோட மகன்தானே இவர்?"