இறந்தவர் பேருக்கு ஜிஎஸ்டி நோட்டீஸ்: நாங்கள் போன வரி ஆலோசகர் எப்படி?

காண்ட்ராக்டராக இருந்த மாமா இறந்த பிறகு அவர் பேருக்கே நோட்டீஸ், அதையும் போர்ட்டலில் மட்டும் ஏற்றிவிட்டு, பதில் வரவில்லை என்று வரி உத்தரவும் போட்டுவிட்டார்கள். ஆலோசகர் முதலில் கேட்டது இறப்புச் சான்றிதழும் வாரிசுச் சான்றிதழும்தான். இறந்தவருக்கு நோட்டீஸ் விட்டுப் போடும் உத்தரவு செல்லாது என்று உயர் நீதிமன்றங்கள் சொல்லியிருக்கின்றன, ஆனால் அதோடு தப்பித்தோம் என்று உட்கார முடியாது, 2017 ஜிஎஸ்டி சட்டத்தின் 93ஆம் பிரிவுப்படி வரித்துறை அந்த வரியை வாரிசிடம் முறையாகக் கேட்கலாம், தொழிலை நிறுத்தியிருந்தால் இறந்தவர் விட்டுப்போன சொத்து அளவுக்குத்தான் வாரிசுக்குப் பொறுப்பு என்று பிரித்துச் சொன்னது அருமை. மனுவும் தேதி வாரியாகத் தெளிவாக இருந்தது. போன் மட்டும் எடுக்க மாட்டார். அப்புறம், கட்டணத்தை முன்னாலேயே எழுதி வாங்கிக்கொள்ளுங்கள், நடுவில் ஏறுகிறது.