மனநலப் பிரிவு: மருந்து நன்று, கதவுதான் சரியில்லை

அரசு மாவட்டத் தலைமை மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்குப் போகலாமா என்று கேட்பவர்களுக்கு என் பதில்: தாராளமாகப் போகலாம். ஆனால் அங்கே எது கிடைக்கும், எது கிடைக்காது என்று தெரிந்துகொண்டு போக வேண்டும். அங்கே சிகிச்சைக் குறிப்பு நோட்டு வைத்திருக்கும் நோயாளி என்ற தகுதியில் இதை எழுதுகிறேன். எந்த ஊர் என்று சொல்லப்போவதில்லை. காவிரிப் படுகையில் ஒரு மாவட்டம், அது போதும். குறை சொல்ல நிறைய இருக்கிறது. ஆனால் அந்தக் குறைகளை அங்கே வேலை பார்க்கிறவர்கள்தான் என்னைவிட அதிகமாகச் சுமக்கிறார்கள். அவர்கள் தலையில் இன்னொரு மூட்டையை ஏற்ற எனக்கு விருப்பமில்லை.

நான் ஒரு நெல் அரவை ஆலையில் கணக்கர். எனக்கு இந்த மனச்சோர்வு வாய்வாகத்தான் வந்தது. நெஞ்சின் நடுவில் அடைப்பு, இடது தோள்வரை ஒரு இழுப்பு, பின்னிரவு மூன்று மணிக்கு விழிப்பு, பிறகு விடியும்வரை மோட்டுவளையைப் பார்த்துக்கொண்டு படுத்திருப்பது. பெருங்காயம், ஓமத் தண்ணீர், சோடா எல்லாம் ஆன பிறகு இ.சி.ஜி., எக்கோ, எண்டோஸ்கோப்பி என்று வரிசையாக எடுத்தார்கள். எல்லாம் நார்மல். நார்மல் என்று சொல்லச் சொல்ல என் மனைவிக்கு நிம்மதி, எனக்குப் பயம். கண்டுபிடிக்க முடியாத அளவுக்கு என்ன வியாதியோ என்ற பயம். கடைசியில் வயிற்று நோய் மருத்துவர் ஒருவர் ரிப்போர்ட்டுகளை எல்லாம் ஒன்றாக அடுக்கி மூடி வைத்துவிட்டு, "ராத்திரி மூன்று மணிக்கு என்ன யோசனை ஓடுகிறது, அதைச் சொல்லுங்கள்" என்றார். அவர்தான் அரசு மருத்துவமனைக்குச் சீட்டு எழுதிக் கொடுத்தார்.

வேலையில் அது எப்படி இருந்தது என்பதைச் சொன்னால் சிலருக்குப் புரியும். ஒரு லாரி லோடுக்கு பில் போடுகிறேன் என்று வைத்துக்கொள்ளுங்கள். மூட்டை எண்ணிக்கை, எடை, ஈரப்பதக் கழிவு, கூலி, வாடகை. கால்குலேட்டரில் கூட்டுவேன். பிறகு கையால் கூட்டுவேன். இரண்டும் ஒன்றுதான். ஆனாலும் கையெழுத்துப் போடப் பேனா நகராது. மறுபடி மேலிருந்து கீழாக, பிறகு கீழிருந்து மேலாக. வெளியே டிரைவர் ஹாரன் அடித்துக்கொண்டிருப்பார். பில்லைக் கொடுத்தனுப்பிய பிறகும் கார்பன் பிரதியை எடுத்து வைத்துக்கொண்டு இன்னொரு முறை கூட்டுவேன். ஆலையில் எனக்கு நிதானமானவர் என்று பெயர். நிதானமாவது ஒன்றாவது!

இனி மருத்துவமனை. ஓ.பி. சீட்டு வாங்கும் இடத்தில் காலை ஏழரைக்கே வரிசை நிற்கிறது. மனநலப் பிரிவு என்று சொல்ல வேண்டும்; சொல்லும்போது குரல் தானாகவே இறங்கிவிடும், ஜன்னலுக்கு உள்ளே இருப்பவர் "எந்தப் பிரிவு?" என்று உரக்கக் கேட்பார், வரிசை முழுவதும் திரும்பிப் பார்க்கும். இதற்கு ஒரு எளிய வழி இருக்கிறது: அறை எண்ணைத் தெரிந்துகொண்டு போய் எண்ணை மட்டும் சொல்வது.

எங்கள் மருத்துவமனையில் மனநலப் பிரிவுக்குப் பக்கத்து அறை தோல் பிரிவு. இரண்டுக்கும் பொதுவான பெஞ்சுகள். இந்த ஏற்பாட்டை யோசித்துச் செய்தார்களோ, தற்செயலோ, பலருக்கு இது வசதி. எங்கள் ஆலைக்கு நெல் கொண்டுவரும் தரகர் ஒருவரை அங்கே பார்த்தேன். அவர் கையைச் சொறிந்துகொண்டார். நானும் சொறிந்துகொண்டேன். இரண்டு பேரும் வெயிலைக் குறை சொல்லிவிட்டு, ஒரே கதவுக்குள் போனோம்.

அந்தப் பெஞ்சுகளில் யார் யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று பார்த்தாலே பாதிப் பயம் போய்விடும். சட்டையைக் கிழித்துக்கொண்டு திரிகிறவர்கள் இருப்பார்கள் என்று நினைத்துப் போனேன். இருந்தவர்கள்: பிரசவமாகி மூன்று மாதமான பெண், மடியில் குழந்தை, பக்கத்தில் அவள் அம்மா. குடியை நிறுத்த வந்து கை நடுங்கும் ஒரு கொத்தனார். மறதி வந்த ஓய்வு பெற்ற ஆசிரியர். நீட் பயிற்சிக்குப் போகும் பையன், அவனைவிடப் பதற்றமாக அவன் அப்பா. பேச்சு வராத ஒரு சிறுமி. எல்லோருக்கும் ஒரே ஒரு மருத்துவர்.

இது எவ்வளவு பேருக்கு இருக்கிறது என்று பிறகு நானே தேடிப் படித்தேன், கணக்கன் புத்தி. பெங்களூரில் உள்ள தேசிய மனநல மருத்துவ நிறுவனமான நிம்ஹான்ஸ் 2015-16இல் 12 மாநிலங்களில் நடத்திய தேசிய மனநல ஆய்வில் தமிழ்நாடும் ஒன்று. அதன்படி வயது வந்தவர்களில் 10.6 சதவீதம் பேருக்கு ஏதோ ஒரு மனநலக் கோளாறு இருக்கிறது. எங்கள் ஆலையில் லோடுமேன்கள், பெண்கள், டிரைவர்கள் எல்லோரையும் சேர்த்து நாற்பது பேர். அப்படியானால் நான்கு பேர். நான் ஒருவன். மற்ற மூன்று பேர் யார்? சம்பளப் பட்டியலை எழுதும்போது பெயர் பெயராகப் பார்ப்பேன். மனச்சோர்வு, பதற்றம் போன்ற பரவலான கோளாறுகள் உள்ளவர்களில் சுமார் 85 சதவீதம் பேர் சிகிச்சையே பெறவில்லை என்றும் அதே ஆய்வு சொல்கிறது. அந்தக் கணக்கில் மற்ற மூன்று பேரும் எங்கேயோ ஓமத் தண்ணீர் குடித்துக்கொண்டிருக்கிறார்கள்.

மருத்துவர் முப்பதுகளில் இருக்கும் பெண். முதல் நாள் எனக்குப் பத்து நிமிடம் கொடுத்தார். அந்தக் கூட்டத்தில் அது பெரிய தொகை. "தூக்கம் வரவே இல்லையா, வந்து கலைகிறதா?" வந்து கலைகிறது என்றேன். "காலையில் மோசமா, சாயங்காலம் மோசமா?" காலையில்தான், பொழுது சாயச் சாயத் தேவலை. இதை யாரும் என்னிடம் கேட்டதில்லை. ஆனால் அது எனக்கு நன்றாகத் தெரிந்த விஷயமாக இருந்தது. "பிடித்தது எதையாவது விட்டுவிட்டீர்களா?" காலையில் வானொலியில் நாதஸ்வரம் கேட்பேன், இப்போது அந்தச் சத்தமே பிடிக்கவில்லை என்றேன். எழுதிக்கொண்டார். அடுத்த கேள்விக்கு வாயெடுத்தவர் நிறுத்தி, எனக்குப் பின்னால் பார்த்தார். என் நாற்காலியின் முதுகைப் பிடித்தபடி ஒரு பெரியவர் சீட்டோடு நின்றுகொண்டிருந்தார். "தாத்தா, கொஞ்சம் வெளியே இருங்கள், நானே கூப்பிடுகிறேன்." நர்ஸ் அவரை அழைத்துப்போனார். பிறகு மருத்துவர் குரலைத் தாழ்த்தி, "இருந்தது போதும், போய்விட்டால் தேவலை என்று தோன்றியிருக்கிறதா?" என்று கேட்டார். என்ன சொன்னேன் என்பது என் நோட்டில் இருக்கிறது. கேட்டதனால் எனக்கு எந்தக் கெடுதலும் வரவில்லை. யாரோ நேராகக் கேட்டுவிட்டார்களே என்று தோள் இறங்கியது.

அந்தப் பெரியவர் நின்ற இடம்தான் இந்தப் பிரிவின் முதல் குறை. கதவு மூடுவதில்லை. மூடினால் வெளியே இருப்பவர்கள் தட்டுகிறார்கள், திறந்தால் உள்ளே வந்துவிடுகிறார்கள். கண் பரிசோதனைக்கு இது பெரிய நஷ்டமில்லை. இங்கே பேச்சுதான் பரிசோதனை. ஒரு பெண் தன் வீட்டில் நடப்பதை, முதுகுக்குப் பின்னால் மூன்று பேர் நிற்கையில் எப்படிச் சொல்வாள்? ஒரு மடக்குத் திரை, வெளியே ஒரு டோக்கன் பலகை, இரண்டுக்கும் என்ன பெரிய செலவு ஆகிவிடும்?

இரண்டாவது குறை, பேச்சு சிகிச்சை. மாவட்ட மனநலத் திட்டம் 1996இல் தொடங்கியது. மனநல மருத்துவரோடு உளவியலாளர், சமூகப் பணியாளர், நர்ஸ் ஆகியோரும் குழுவில் இருக்க வேண்டும் என்பது ஏற்பாடு. இங்கே உளவியலாளர் இடம் நான் போகத் தொடங்கியபோது காலி. பிறகு ஒருவர் வந்தார், நன்றாகவே பேசினார். வாரத்தில் சில நாட்கள் அவர் தாலுகா மருத்துவமனைகளுக்குப் போய்விடுவார். எப்போது இருப்பார் என்று எங்கும் எழுதி ஒட்டவில்லை. நாட்டில் ஒரு லட்சம் பேருக்கு ஒரு மனநல மருத்துவர்கூடத் தேறுவதில்லை, 0.75 என்றுதான் கணக்கு. அது தெரிந்த பிறகு எனக்குக் கோபம் குறைந்தது; அலுப்பு குறையவில்லை.

மருந்து விஷயத்தில் நான் முழு மதிப்பெண் கொடுப்பேன். எனக்கு எழுதியது எஸ்சிட்டலோபிராம் என்ற மனச்சோர்வு மாத்திரை. முதலில் 5 மில்லிகிராம், பிறகு 10. தூக்கத்துக்கு ஒரு சிறு மாத்திரை, அது சில நாட்களுக்கு மட்டும்; பழக்கமாகிவிடும் என்று அவரே நிறுத்திவிட்டார். "முதல் வாரம் குமட்டும், படபடப்பு கொஞ்சம் கூடுவதுபோல் இருக்கும், பயந்து விட்டுவிடாதீர்கள். பலன் தெரிய இரண்டு முதல் நான்கு வாரம் ஆகும். நன்றாக ஆன பிறகும் ஆறு மாதத்துக்குக் குறையாமல் சாப்பிட வேண்டும்" என்று முன்கூட்டியே சொன்னதால், முதல் வாரம் குமட்டியபோது அட்டவணைப்படி நடக்கிறது என்று சும்மா இருந்தேன். மருந்து கொடுக்கும் ஜன்னலில் மாதத்துக்கு எண்ணிக் கொடுக்கிறார்கள், பைசா வாங்குவதில்லை. சில மாதம் பட்டையின் நிறம் மாறும், கம்பெனி மாறும். உள்ளே மருந்து அதுதானா என்று பெயரைப் படித்துக்கொள்ளுங்கள். அபூர்வமாக இருப்பு இல்லாமல் பாதி மாதத்துக்குத் தருவார்கள். அன்று முணுமுணுத்துக்கொண்டே வெளிக் கடைக்குப் போக வேண்டும்.

தனியாரிடமும் ஒருமுறை போய்ப் பார்த்தேன். ஏ.சி. அறை, மூடிய கதவு, அரை மணி நேரம். எழுதிக் கொடுத்தது அதே மாத்திரை, வேறு பெயரில். மனநோய் உள்ளவருக்கு மருந்து, மருத்துவர், போக்குவரத்து என்று குடும்பங்கள் மாதம் 1,000 முதல் 1,500 ரூபாய் வரை செலவழிப்பதாக நிம்ஹான்ஸ் ஆய்விலேயே இருக்கிறது. பத்து ஆண்டுகளுக்கு முந்தைய பணம் அது. 2017ஆம் ஆண்டின் மனநலப் பாதுகாப்புச் சட்டப்படி உடல் நோய்க்குத் தருவதுபோலவே மனநோய்க்கும் காப்பீடு தர வேண்டும். ஆனால் என்னைப் போல் படுக்கையில் சேராமல் வந்து போகிறவனுக்குப் பெரும்பாலான பாலிசிகளில் அதனால் ஒரு பயனும் இல்லை. ஆகவே கதவா, காசா என்பது அவரவர் பை பொறுத்தது. நான் காசை மிச்சம் பிடிக்கும் பக்கம்.

ஏன் வந்தது என்று எல்லோரும் கேட்கிறார்கள். நானும் மருத்துவரிடம் கேட்டேன். ஒரே காரணத்தைத் தேடாதீர்கள் என்றார். தைராய்டு, ரத்த அளவு, சர்க்கரை எல்லாம் பார்க்கச் சொன்னார். தைராய்டு குறைந்தாலும் இதே சோர்வு வருமாம். எனக்குச் சர்க்கரை இருக்கிறது. சர்க்கரை நோயாளிகளுக்கு மனச்சோர்வு வரும் வாய்ப்பு மற்றவர்களைவிட ஏறத்தாழ இரு மடங்கு. என் அப்பா கடைசிக் காலத்தில் வருடக்கணக்கில் திண்ணையிலேயே பேசாமல் உட்கார்ந்திருந்தார். பெரியவர் ஞானியாகிவிட்டார் என்று ஊர் சொன்னது. மருத்துவர் அதையும் நோட்டில் எழுதிக்கொண்டார். பெண்ணின் திருமணக் கடன் ஒரு பக்கம், பக்கத்து ஆலை மூடியதில் எங்கள் ஆலையும் மூடிவிடுமோ என்ற பேச்சு ஒரு பக்கம். ரத்தத்தில் வந்தது, உடம்பில் வந்தது, ஊரில் வந்தது எல்லாம் சேர்ந்துதான் மொத்தத் தொகை. இதில் எதையும் மாத்திரை மாற்றவில்லை. கடன் அப்படியேதான் இருக்கிறது. ஆனால் வட்டிக்காரர் போன் செய்தால் எடுத்துப் பேசுகிறேன், முன்பு அணைத்துவிடுவேன்.

ஊர் வாயைப் பற்றியும் சொல்ல வேண்டும். சென்னையில் 1794இல் தொடங்கிய மனநல மருத்துவமனையின் ஊர்ப் பெயரையே நாம் வசைச் சொல்லாக்கி வைத்திருக்கிறோம். "கீழ்ப்பாக்கத்துக்கு அனுப்பு" என்று சிரித்த வாயோடுதான் நானும் வளர்ந்தேன். இன்னொரு பக்கம் கோயில், தர்கா, மந்திரம். 2001 ஆகஸ்டில் தர்கா ஊரான ஏர்வாடியில் சங்கிலியில் கட்டப்பட்டிருந்த மனநோயாளிகள் 28 பேர் தீயில் இறந்ததை என் வயதுக்காரர்கள் மறந்திருக்க முடியாது. சாமி கும்பிடுவதை மருத்துவர் தடுக்கவில்லை. "கும்பிட்டுவிட்டு மாத்திரையையும் போடுங்கள்" என்றார். என் மனைவி இரண்டையும் கண்காணிக்கிறாள்.

2022இல் நாட்டில் தற்கொலை செய்துகொண்டவர்கள் 1,70,924 பேர் என்று தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் சொல்கிறது. தமிழ்நாட்டில் மட்டும் 19,834. குடும்பப் பிரச்சினையும் நோயும்தான் காரணப் பட்டியலில் முதலில் நிற்பவை. வரிசையில் நிற்கிற தெம்புகூட இல்லாதவர்கள், இரவில் தனியாக இருப்பவர்கள், 14416 என்ற எண்ணைப் போனில் பதிந்து வைத்துக்கொள்ளுங்கள். 2022 அக்டோபரில் தொடங்கிய டெலி மானஸ் என்ற அரசின் தொலைபேசி மனநல ஆலோசனைச் சேவை அது. எந்த நேரமும், கட்டணம் இல்லாமல், தமிழிலேயே பேசலாம். நான் ஓர் இரவு பேசியிருக்கிறேன். மறுமுனையில் இருந்த பெண் அவசரப்படவில்லை.

மற்றபடி, போகிறவர்களுக்குச் சில விவரங்கள். மாற்றுத்திறனாளிச் சான்றிதழ் முகாம் நடக்கும் நாளில் போகாதீர்கள். மருத்துவர் அங்கே உட்கார்ந்துவிடுவார், உங்களுக்கு இரண்டு நிமிடம்கூடக் கிடைக்காது. எந்த நாள் என்று நர்ஸைக் கேட்டால் சொல்வார். முதல் முறை வீட்டு ஆள் ஒருவரோடு போங்கள், நாம் மறைப்பதை அவர்கள் சொல்லிவிடுவார்கள். ஏற்கெனவே சாப்பிடும் மாத்திரைகளின் பட்டைகளை எடுத்துச் செல்லுங்கள். மருந்து வாங்க ஒரு துணிப்பை, உட்கார இடம் கிடைக்காவிட்டால் விரிக்க ஒரு செய்தித்தாள். கொடுக்கும் நோட்டுக்கு அட்டை போட்டுக்கொள்ளுங்கள். மருத்துவர் மாற்றலாகிப் போவார், கம்ப்யூட்டரில் பெயரும் தேதியும்தான் இருக்கும், நீங்கள் சொன்னது எல்லாம் அந்த நோட்டில் மட்டும்தான் இருக்கிறது.